பார்த்துக்கொண்டு நின்ற பையன்

ஜாக் கெட்சம் 1989-ல் எழுதிய ‘தி கேர்ள் நெக்ஸ்ட் டோர்’ நாவலை யாராவது கேட்டால், “வேணாம்பா, வேற ஏதாவது படி” என்றுதான் சொல்வேன். நானோ அதை ஒரு தரத்துக்கு மேல் படித்திருக்கிறேன். பேய் கிடையாது, பிசாசு கிடையாது. பெற்றோரை இழந்து தூரத்து உறவுக்காரி வீட்டுக்கு வந்து சேர்கிறாள் ஒரு பெண். அந்த அம்மாளும் அவள் பிள்ளைகளும் தெருப் பிள்ளைகளும் சேர்ந்து அவளை வீட்டுக்கு அடியிலுள்ள நிலவறையில் அடைத்து வதைக்கிறார்கள். முழுக்கக் கற்பனையும் இல்லை. அமெரிக்காவின் இண்டியானாபொலிஸ் நகரில் 1965-ல் சில்வியா லைக்கன்ஸ் என்ற 16 வயதுப் பெண்ணுக்கு நடந்ததுதான் இதற்கு வேர்.

ஜோலார்பேட்டையில் ரயிலேறுமுன் ராஜேஷ்குமார் நாவல் ஒன்றை வாங்கிப் பையில் போட்டுக்கொண்ட தலைமுறை நாங்கள். அதில் முதல் அத்தியாயத்திலேயே பிணம் விழும். ஆனாலும் வாணியம்பாடி தாண்டி, ஆம்பூர் தோல் வாடை ஜன்னலில் நுழைவதற்குள் கொலைகாரன் யாரென்று கணக்குப் போடத் தொடங்கிவிடுவோம். காட்பாடி வரும்போது போலீஸும் வந்திருக்கும், மனசும் லேசாகியிருக்கும். கெட்சமிடம் அந்தச் சவுகரியம் இல்லை. கதையைச் சொல்பவன் பக்கத்து வீட்டுப் பையன் டேவிட். அவன் சூடு வைப்பவனும் இல்லை, காப்பாற்றுபவனும் இல்லை. பார்க்கிறான். மறுநாளும் போய்ப் பார்க்கிறான். அவன் கண் வழியாகத்தான் நாமும் பார்த்தாக வேண்டும். வேறு இடம் நமக்குக் கொடுக்கப்படவில்லை.

ஓர் இடத்தில் மட்டும் அவன் நிறுத்திவிடுகிறான். அன்று நடந்ததைச் சொல்ல மாட்டேன் என்கிறான், அத்தியாயம் சில வரிகளிலேயே முடிந்துவிடுகிறது. இந்தப் புத்தகத்தை நான் நம்புவது அந்த அத்தியாயத்தால்தான். அது இல்லாவிட்டால் வக்கிரத்தை விற்றுக் காசு பார்த்த புத்தகம் என்று தூக்கிப் போட்டிருப்பேன். (வேறு சில பக்கங்களுக்கு அந்தக் குற்றச்சாட்டு இப்போதும் பொருந்தும்.)

நம் பக்கம் இப்படி யாரும் நிறுத்துவதில்லை. 2022 நவம்பரில் வேலூர் சி.எம்.சி. மருத்துவக் கல்லூரியில் முதலாண்டு மாணவர்களை அரை நிர்வாணமாக நடக்கவைத்த வீடியோ கைக்குக் கை பறந்தது. ஏழு சீனியர்கள் இடைநீக்கம் செய்யப்பட்டார்கள். 2023 ஆகஸ்டில் நாங்குநேரியில் தலித் மாணவர் ஒருவரை அவரோடு படித்த பையன்களே வீடு புகுந்து வெட்டினார்கள். தடுக்க வந்த தங்கைக்கும் வெட்டு விழுந்தது. இந்தச் செய்திகளைப் படிக்கும்போது நாம் அத்தனை பேரும் அடிபட்டவன் கட்சி. சுற்றி நின்றவர்களைப் பற்றிச் செய்தியில் ஒரு வரி இருக்காது. அந்த ஒரு வரிக்குள் ஒரு முழு நாவல் உட்கார முடியும்.

என்னோடு ரயிலில் வரும் ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர், “இதெல்லாம் படிச்சா பசங்க புத்தி கெட்டுடும் தம்பி” என்பார். புத்தி கெடக் கதைப்புத்தகம் எதற்கு, சார்? நாங்குநேரிக்குப் பிறகு அரசு அமைத்த நீதிபதி சந்துரு குழு 2024-ல் கொடுத்த அறிக்கையில், பள்ளிகளில் சாதியைக் காட்டும் வண்ணக் கயிறுகளைத் தடை செய்யச் சொல்லியிருக்கிறது. மணிக்கட்டில் கயிறு கட்டிக்கொண்டு வகுப்புக்கு வரும் பையன், கெட்சம் பெயரைக்கூடக் கேள்விப்பட்டிருக்க மாட்டான்.

சாரிடம் நான் கொடுத்தது பெருமாள்முருகனின் ‘கூளமாதாரி’ (2000). ஆடு மேய்க்கப் பண்ணையத்தில் விடப்பட்ட சக்கிலியச் சிறுவர்களின் கதை. திகில் வரிசையில் அதை யாரும் வைப்பதில்லை. காடும் விளையாட்டும் கும்மாளமுமாக அத்தனை அழகாக இருக்கும். பண்ணையக்காரர் மகன் செல்வன் அவர்களுக்குக் கூட்டாளி. ஒரே காட்டில் சேர்ந்து ஆடுகிறார்கள். ஆனால் கூட்டாளி எந்த நிமிஷத்தில் எஜமானாக மாறுவான் என்று அந்தச் சிறுவர்களில் ஒருவனான கூளையனுக்குத் தெரியாது, படிக்கிற நமக்கும் தெரியாது. கெட்சம் நிலவறைக்குள் அடைத்த பயத்தை இவர் பட்டப்பகலில், வெட்டவெளியில் கொண்டுவந்து வைத்திருக்கிறார். முடிவில் ஒரு கிணறு வரும். அதை இங்கே சொல்லப்போவதில்லை.

பிளஸ் ஒன் வகுப்பில் கெட்சம் வேண்டாம், ஒப்புக்கொள்கிறேன். கூளமாதாரி இருக்கட்டும். ஆனால் பையன்களிடம் “கூளையன் பாவம்” என்று எழுதி வாங்கிக்கொண்டு மதிப்பெண் போட்டுவிடக் கூடாது. செல்வனாக உட்கார்ந்து ஒரு பக்கம் எழுதச் சொல்ல வேண்டும்.