சேலத்தில் படித்த சச்சின்



விடுமுறை நாளில் ஏற்காடு சேர்வராயன் கோயிலுக்குப் போனால் செருப்பு விடும் இடத்திலேயே மலையாளப் பேச்சு காதில் விழும். சேலத்து இன்ஜினீயரிங் காலேஜ்களில் படிக்கும் கேரளப் பிள்ளைகள். 20 கொண்டை ஊசி வளைவையும் பைக்கில் ஏறி வந்து, குகைக்குள் குனிந்து நுழைந்து, சேர்வராயனையும் காவேரி அம்மனையும் கும்பிடுவார்கள். அப்புறம் மிளகாய் பஜ்ஜியும், யார் யாரைக் காதலிக்கிறார்கள் என்ற பஞ்சாயத்தும்தான்!

'பிரேமலு' மலையாளப் படத்தின் சச்சினும் இந்தக் கூட்டத்துப் பையன்தான். ஆலுவா வீடு, சேலத்தில் படிப்பு. காலேஜ் காதல் கைகூடவில்லை, லண்டன் கனவுக்கு விசா கிடைக்கவில்லை. கேட் தேர்வுக்குக் கோச்சிங் என்று சொல்லிக்கொண்டு ஹைதராபாத் போகிறான். அங்கே ஒரு கல்யாணத்தில் ரீனு என்ற பெண்ணைப் பார்க்கிறான். 2024 பிப்ரவரியில் கிரீஷ் ஏ.டி. இயக்கத்தில் வந்த படம். நம் பக்கத்துப் படங்களில் பெண் மறுத்துவிட்டால் நாயகன் தாடி வளர்ப்பான், இல்லையென்றால் அவள் சம்மதிக்கும்வரை பின்னாலேயே அலைவான். சச்சினாக நடித்த நஸ்லென் இரண்டும் செய்யவில்லை. முகத்தைத் தொங்கப் போட்டுக்கொள்கிறார், நாம் சிரிக்கிறோம். பக்கத்திலேயே நண்பன் அமல் டேவிஸாக சங்கீத் பிரதாப். என் ஓட்டு அவருக்குத்தான். ஒரே குறை, சேலம் சட்டென்று முடிந்துவிடுகிறது. ஏற்காட்டை ஒரு ஷாட் காட்டியிருக்கக் கூடாதா?

மலையாள சினிமாவுக்கு சேலம் பழைய உறவு. அதன் முதல் பேசும் படமான 'பாலன்' (1938) டி.ஆர்.சுந்தரத்தின் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் தயாரிப்பு. முதல் கலர் படமான 'கண்டம் பெச்ச கோட்டு'ம் (1961) அவருடையதே. அந்த ஸ்டுடியோவின் நுழைவு வளைவு இன்றும் ஏற்காடு சாலையில் நிற்கிறது. மலையேறும் பிள்ளைகள் அதைத் தாண்டித்தான் போகிறார்கள். எத்தனை பேர் தலைநிமிர்ந்து பார்க்கிறார்களோ!

நாமும் அந்த உறவை விடவில்லை. 2015-ல் மலையாளப் படமான 'பிரேமம்' டப்பிங் இல்லாமலே சென்னையில் 200 நாளைத் தாண்டி ஓடியது. அதில் தமிழ் பேசிய மலர் டீச்சர், நம் கோத்தகிரியில் பிறந்த சாய் பல்லவி.

சேலத்தில் படித்து, சொல்லியோ சொல்லாமலோ காதலித்த வாசகர்கள் இருப்பீர்கள். எழுதுங்கள், அடுத்த இதழில் இடம் ஒதுக்கியிருக்கிறோம். பெயர் வேண்டாம் என்றால் போட மாட்டோம். வீட்டுக்காரருக்கும் வீட்டம்மாவுக்கும் தெரியாது.

அன்புடன்,
ஆசிரியர்