எம்.பி. பதவி எத்தனையாவது படி?

அரசியலில் வளர்வதற்கு ஒரு வரிசை உண்டு என்பது பலரும் ஒப்புக்கொண்ட கருத்து. முதலில் பேரூராட்சி உறுப்பினர், பிறகு எம்.எல்.ஏ., அதற்கு மேலே எம்.பி., யோகம் இருந்தால் மத்திய மந்திரி. படி தாண்டிப் போக முடியாது, மேலே போனவர் கீழே இறங்கமாட்டார், ஒருமுறை தோற்றால் கதை முடிந்தது என்பவை இந்தக் கருத்தின் கிளைகள். சேத்தூர் கடைவீதியில் ஒருவரைப் பற்றி ‘அவருக்கென்ன, டெல்லிக்கே போயிட்டாரு’ என்று பேச்சு வந்தால், அந்த ‘டெல்லிக்கே’யில் உள்ள ஏகாரம் இதே ஏணியைத்தான் சொல்கிறது. ஆனால் சேத்தூரைச் சுற்றியுள்ள ராஜபாளையம், ஸ்ரீவில்லிபுத்தூர், சாத்தூர், விருதுநகர் வட்டாரத்தின் தேர்தல் வரலாறே இந்த ஏணிக்கு ஒத்துவரவில்லை.

ஏணியின் மாதிரி பிரிட்டனிலிருந்து வந்தது. அங்கே மந்திரியாக வேண்டுமானால் நாடாளுமன்றத்தின் ஈரவைகளில் ஒன்றில் இருக்க வேண்டும் என்பது மரபு. 650 பேர் கொண்ட மக்களவையில் மந்திரிகளாக இருக்கக்கூடியவர்கள் அதிகபட்சம் 95 பேர் என்று சட்டமே வரம்பு கட்டியிருக்கிறது. பின்வரிசையில் தொடங்கி, ஒரு மந்திரியின் நாடாளுமன்ற உதவியாளராகி, இளைய மந்திரியாகி, பிறகு அமைச்சரவைக்குள் நுழைவது அங்கே தெரிந்த பாதை. ரிஷி சுனக் அப்படி ஏறியவர்: 2015-இல் எம்.பி., 2018-இல் இளைய மந்திரி, 2020-இல் நிதியமைச்சர், 2022-இல் பிரதமர். ஆனால் அவரை அடுத்து 2024-இல் பிரதமரான கியர் ஸ்டார்மர் அதற்கு முன் எந்த மந்திரி பதவியிலும் இருந்ததில்லை. அரசு வழக்குத்தொடர்வுத் துறையின் தலைமைப் பொறுப்பிலிருந்து அரசியலுக்கு வந்தவர். மாதிரியின் சொந்த ஊரிலேயே ஏணி இந்த நிலையில்தான் இருக்கிறது.

இந்த ஏணியை இந்தியாவில் சாத்திப் பார்ப்பதில் இன்னொரு பிழை உண்டு. ஸ்காட்லாந்துக்கும் வேல்ஸுக்கும் தனி மன்றங்கள் 1999-இல்தான் கூடின. அதுவரை அங்குள்ளவருக்கு உள்ளாட்சியை விட்டால் அடுத்தது லண்டன்தான். இங்கே நடுவில் இருப்பது காவல்துறை, நிலம், மருத்துவமனை எல்லாவற்றையும் கையில் வைத்திருக்கும் மாநில அரசு. அதை வெறும் நடுப்படி என்று கணக்கிட முடியாது.

வரிசை மாறாது என்ற வாதத்தை ராஜபாளையத்துக்காரரான பூ. ச. குமாரசாமி ராஜாவை வைத்தே பார்க்கலாம். 1898-இல் பிறந்த அவர் உள்ளாட்சியில் தொடங்கியவர்தான். அதுவரை ஏணி சரி. ஆனால் 1934-இல் அவர் போனது தில்லியில் இருந்த மத்திய சட்டசபைக்கு. சென்னை மாகாணச் சட்டமன்றத்துக்கு வந்தது அதற்குப் பிறகு, 1937-இல். தில்லியைப் பார்த்துவிட்டுச் சென்னைக்கு வந்தவர் 1949 ஏப்ரலில் மாகாணத்தின் முதலமைச்சரானார்.

காமராஜரின் வரிசை இன்னும் கலைந்தது. 1937-இல் சாத்தூரிலிருந்து போட்டியின்றிச் சட்டமன்றத்துக்குப் போனார். 1941-இல் சிறையில் இருந்தபடியே விருதுநகர் நகராட்சித் தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். விடுதலையாகி வந்ததும் அந்தப் பதவியை விட்டு விலகிக்கொண்டார். சட்டமன்றத்துக்குப் பிறகு நகராட்சி என்பது ஏணிப்படி பார்த்தால் இறக்கம்! பிறகு அரசியல் நிர்ணய சபை உறுப்பினர். 1952 பொதுத்தேர்தலில் ஸ்ரீவில்லிபுத்தூர் மக்களவைத் தொகுதியில் வென்று எம்.பி. ஆனார்.

மேலே போனவர் இறங்கமாட்டார் என்பது அடுத்த வாதம். ஸ்ரீவில்லிபுத்தூரின் எம்.பி.யாக இருந்த காமராஜர் 1954 ஏப்ரல் 13 அன்று சென்னை மாநில முதலமைச்சரானார். சட்டமன்ற உறுப்பினராக இல்லாதவர் ஆறு மாதம் வரைதான் மந்திரியாக இருக்கலாம் என்பது அரசியல் சட்டத்தின் 164-ஆவது பிரிவு. அதனால் அதே ஆண்டு குடியாத்தம் இடைத்தேர்தலில் நின்று வென்றார். மக்களவையை விட்டுச் சட்டமன்றத்துக்கு வந்ததை அன்று யாரும் இறக்கம் என்று சொன்னதில்லை.

முத்துராமலிங்கத் தேவர் இந்த வாதத்தை இரண்டு திசையிலும் உடைத்தார். 1952-இல் அருப்புக்கோட்டை மக்களவைத் தொகுதியிலும் முதுகுளத்தூர் சட்டமன்றத் தொகுதியிலும் சேர்ந்தே வென்றார். மக்களவை இடத்தை விட்டுவிட்டுச் சட்டமன்றத்தை வைத்துக்கொண்டார். 1957-இல் ஸ்ரீவில்லிபுத்தூர் மக்களவை, முதுகுளத்தூர் சட்டமன்றம் என மறுபடியும் இரட்டை வெற்றி. இந்தத் தடவை விட்டது சட்டமன்றத்தை. ஒரே மனிதர் ஐந்தாண்டு இடைவெளியில் ஒரே கேள்விக்கு இரண்டு விடை சொன்னார். இரண்டையும் ஒருவர் வைத்திருக்கக் கூடாது என்பது 101-ஆவது பிரிவு. குறித்த 14 நாளுக்குள் மாநில இடத்தைத் துறக்காவிட்டால் பறிபோவது நாடாளுமன்ற இடம்தான். எம்.பி. பதவி ‘பெரியது’ என்பதால் சட்டம் அதைக் காப்பாற்றித் தருவதில்லை.

தோற்றால் முடிந்தது என்பதற்கு இந்த மண்ணில் மறுப்புகள் ஏராளம். 1952 தேர்தலில் காமராஜர் வென்றபோது, பதவியில் இருந்த முதலமைச்சர் குமாரசாமி ராஜா தோற்றார். இரண்டே ஆண்டில், 1954-இல், அவர் ஒரிசாவின் ஆளுநர். 1956 வரை அங்கே இருந்தார். காமராஜரும் 1967-இல் சொந்த ஊரான விருதுநகரில், பெ. சீனிவாசன் என்ற மாணவர் தலைவரிடம் 1,285 வாக்குகளில் தோற்றார். முதலமைச்சராக ஒன்பதரை ஆண்டு இருந்தவர், அகில இந்தியக் காங்கிரஸ் தலைவர் பொறுப்பில் இருக்கும்போதே தோற்றது ஊர் ஊராகப் பேசப்பட்டது. நாகர்கோவில் எம்.பி. நேசமணி மறைந்ததால் 1969-இல் அங்கே நடந்த இடைத்தேர்தலில் காமராஜர் வென்று மக்களவைக்குத் திரும்பினார். பிரிட்டனிலும் இதே கதை உண்டு. ஈழத் தமிழ்க் குடும்பத்தில் பிறந்த உமா குமரன் 2015-இல் ஹாரோ கிழக்கில் தோற்று, 2024-இல் ஸ்ட்ராட்ஃபோர்ட் அண்ட் போ தொகுதியில் வென்று எம்.பி. ஆனார்.

சொந்தத் தொகுதிதான் எம்.பி.யின் வேர் என்பதும் பாதி உண்மையே. சாத்தூர், ஸ்ரீவில்லிபுத்தூர், குடியாத்தம், விருதுநகர், நாகர்கோவில் என்று காமராஜர் ஒருவருக்கே ஐந்து தொகுதிகள். தொகுதிகளும் நின்ற இடத்தில் நிற்பதில்லை. ஸ்ரீவில்லிபுத்தூர் என்ற மக்களவைத் தொகுதியே இன்று கிடையாது. 2008 சீரமைப்புக்குப் பிறகு சேத்தூர்க்காரர் சட்டமன்றத்துக்கு ராஜபாளையம் தொகுதியிலும் மக்களவைக்குத் தென்காசித் தொகுதியிலும் வாக்களிக்கிறார். பட்டா விவகாரத்துக்கு மனு எழுதுபவர் ‘விருதுநகர் மாவட்ட ஆட்சித்தலைவர் அவர்களுக்கு’ என்று தொடங்குவார். ரயில் நிறுத்தம் கேட்டு எழுதும் மனுவில் மாவட்டம் தாண்டித் தென்காசி எம்.பி.யின் பெயர் வரும். இரண்டு மனுவும் ஒரே பையில் போகின்றன. எது மேல்படிக்குப் போகிறது என்ற யோசனை மனு எழுதுபவருக்கு இருப்பதில்லை.

ஏணிக்குச் சாதகமான சாட்சியும் இல்லாமல் இல்லை. தென்காசித் தனித்தொகுதியில் மு. அருணாசலம் 1977 முதல் 1996 வரை தொடர்ந்து ஆறு தேர்தல்களில் வென்றார். மத்தியில் இணையமைச்சராக இருந்து 1996-இல் அமைச்சரவை மந்திரியானார். ஒரே அவையில் இருந்து, படிப்படியாக ஏறி, மந்திரியாவது. பிரிட்டிஷ் மாதிரிக்கு இவ்வளவு நெருக்கமான ஒருவர் இந்தப் பக்கத்தில் அபூர்வம். அபூர்வமானதை விதியாக்க முடியாது.

கடைசி வாதம், மந்திரி ஆகாத எம்.பி. வெறும் கை தூக்குபவர் என்பது. 1964 ஜூனில் லால் பகதூர் சாஸ்திரியும் 1966 ஜனவரியில் இந்திரா காந்தியும் பிரதமரானபோது அந்த முடிவுகளைக் கட்சிக்குள் நடத்திக்கொடுத்த காமராஜர் மந்திரியும் இல்லை, எம்.பி.யும் இல்லை, 1962-இல் சாத்தூரில் வென்ற எம்.எல்.ஏ., அவ்வளவுதான். எம்.பி.யாக அவர் மறுபடி தில்லிக்குப் போன 1969-இல் காங்கிரசே இரண்டாக உடைந்தது. அவர் நின்றது ஆட்சியில் இல்லாத பக்கம். 1971-இல் நாகர்கோவில் மறுபடியும் அவரைத் தேர்ந்தெடுத்தது. 1975 அக்டோபர் 2 அன்று அவர் இறந்தபோது அந்தத் தொகுதியின் எம்.பி.; மத்திய மந்திரியாக ஒரு நாளும் இருந்ததில்லை.