மண் கோட்டையும் ஒரு தாயும்

கட்டபொம்மன் கோட்டை எப்படியிருந்திருக்கும் என்று உங்கள் வீட்டுக் குழந்தையைக் கேட்டுப் பாருங்கள். வானளாவிய கல் மதில், தூண் தூணாகக் கொலுமண்டபம் என்று அளக்கும். குழந்தையென்ன, நாமும் அப்படித்தான் சொல்வோம், சகோதரிகளே! 1959-ல் வந்த 'வீரபாண்டிய கட்டபொம்மன்' படத்தில் சிவாஜி கணேசனின் கர்ஜனையைக் கேட்டபின் வேறு கோட்டை மனத்தில் ஏறுமா? அந்தப் படத்தின் போர்க் காட்சிகளை எடுத்ததோ ஜெய்ப்பூரில்!

ஓட்டப்பிடாரத்துக்குப் பக்கத்திலுள்ள பாஞ்சாலங்குறிச்சியில் இன்றும் ஒரு கோட்டை உண்டு. அது 1974-ல் அரசாங்கம் எழுப்பிய ஞாபகச் சின்னம். அசல் கோட்டை முழுக்க முழுக்க மண். 1801-ல் அதை எதிர்த்துப் போரிட்ட ஜேம்ஸ் வெல்ஷ் என்ற ஆங்கில அதிகாரி, நீளம் சுமார் 500 அடி, அகலம் 300, மதிலின் உயரம் 12 என்று எழுதி வைத்திருக்கிறார். இரண்டு ஆள் உயரம், அவ்வளவுதான்! ஆனால் களிமண் பிசைந்து அடுப்புப் போட்டவர்களுக்கு மண்ணின் பிடிப்புத் தெரியும். 1799-ல் கட்டபொம்மனைத் தூக்கிலிட்டார்கள், கோட்டையை இடித்தார்கள். பாளையங்கோட்டைச் சிறையிலிருந்து தப்பி வந்த தம்பி ஊமைத்துரை, சில நாட்களுக்குள் அதைத் திரும்ப எழுப்பிவிட்டார். 1801 மார்ச் 31-ந் தேதி வெள்ளைக்காரப் படை மோதிப் பார்த்து, ஏராளமான பேரைப் பறிகொடுத்துத் திரும்பியது. மே 24-ல்தான் கோட்டை விழுந்தது. பிறகு தரைமட்டம்.

இப்படிப்பட்ட இடத்தை டாக்குமெண்டரி எடுப்பவர் என்ன செய்வார்? நம் ஏ. கே. செட்டியார் உலகமெல்லாம் சுற்றி, யார் யாரோ எடுத்து வைத்திருந்த பிலிம்களைத் தேடிச் சேர்த்து, காந்திஜியைப் பற்றிய படத்தை 1940-ல் வெளியிட்டார். 1801-க்குப் பிலிம் ஏது? பிரான்ஸில் அலென் ரெனே 1955-ல் வேறு வழி காட்டினார். ஹிட்லரின் ஆட்கள் லட்சக்கணக்கானவர்களைக் கொன்ற முகாம்களுக்குப் பத்து வருஷம் கழித்துப் போனார். வெறிச்சோடிய கட்டிடங்கள், புல் முளைத்த தரை. அவற்றை வர்ணத்தில், காமிரா மெல்ல நகர நகரப் பிடித்தார். இடையிடையே பழைய கறுப்பு வெள்ளைப் படங்கள். நடிகர் கிடையாது, செட் கிடையாது. ஒரு குரல் நடந்ததைச் சொல்லிக்கொண்டே போகும்.

பாஞ்சாலங்குறிச்சியை அப்படிப் பிடிப்பதானால், காமிராவை ஞாபகக் கோட்டையின் வாசலில் வைக்கச் சொல்லமாட்டேன். வெளியே, வெயிலில் பாளம் பாளமாக வெடித்துக் கிடக்கும் கரிசலில் வைக்கச் சொல்வேன். ஏனென்றால் வெல்ஷ் இன்னொன்றும் எழுதியிருக்கிறார்.

கோட்டை விழுந்தபின், விழுந்து கிடந்தவர்களுக்கு நடுவே ஒருத்தி தன் மகனைத் தேடி வந்தாள். கண்டுபிடித்தும் விட்டாள். உயிர் ஊசலாடிக்கொண்டிருந்தது. "என்னை விடு, பக்கத்தில் காயம்பட்டுக் கிடக்கிற ஊமைத்துரையைத் தூக்கிப் போ" என்கிற மாதிரி சொன்னானாம் பிள்ளை. பெற்றவள் என்ன பாடுபட்டிருப்பாள்! ஆனாலும் கூட வந்த பெண்களோடு சேர்ந்து ஊமைத்துரையை வீட்டுக்குத் தூக்கிப் போனாள். எட்டயபுரத்து ஆட்கள் தேடி வரும் சந்தடி கேட்டது. சட்டென்று வெள்ளைத் துணியால் அவரை மூடி, அம்மை போட்டு இறந்துவிட்டான் என்று ஒப்பாரி வைத்தார்கள். வந்தவர்கள் அம்மைக்குப் பயந்து ஓடியே போனார்கள்.

அந்த ஒப்பாரியைப் பொய் என்று எப்படிச் சொல்வது? மகனைக் களத்தில் விட்டுவிட்டல்லவா வந்திருக்கிறாள்!

அந்தப் போரில் மாண்ட ஆங்கிலேயர்களின் கல்லறைகள் ஊருக்கு அருகே இருக்கின்றன. இவள் பெயரை வெல்ஷ் எழுதவில்லை.