படம் பார்க்காமல் ஒரு தீர்ப்பு

நடிகை எஸ்.என். லட்சுமி ஒரே தாய் முகத்தை வைத்துக்கொண்டு அரை நூற்றாண்டை ஓட்டியவர், கமல்ஹாசன் கைதூக்கிவிட்டதால் பிழைத்தவர், திறமை இருந்திருந்தால் கதாநாயகி ஆகியிருப்பார் என்று தன் கட்டுரையில் அடுக்கிக்கொண்டே போகிறார் ஒரு விமர்சகப் பெருந்தகை. அடுக்கியவருக்கு மூச்சு வாங்கவில்லை. படித்த நமக்குத்தான் வாங்குகிறது.

கைதூக்கிவிட்ட கதையை முறியடிக்க ஆராய்ச்சி எதற்கு, நாட்காட்டி போதாதா? நாடக மேடையில் தேறி வந்த அந்த அம்மையார் 1964-இல் ‘சர்வர் சுந்தர’த்தில் நாகேஷுக்குத் தாயாக நடித்தபோது கமல்ஹாசன் பத்து வயதுப் பையன். லட்சுமிக்கே நாற்பது நிறையவில்லை. ஏறத்தாழ தன் வயதொத்த ஒருவருக்குத் தாய் என்று பார்ப்பவர்களை நம்பவைத்திருக்கிறார். இது முகத்தை வைத்து ஓட்டுவதா, முகத்தை மாற்றுவதா?

ஒரே முகமாமே! ‘மைக்கேல் மதன காமராஜ’னில் கண்ணில் பட்டதையெல்லாம் சுருட்டிவிட்டு, ஊர் ஒழுக்கத்துக்கே தான்தான் காவல் என்பதுபோல நிற்கிறாளே ஒரு பாட்டி, அவளும், ‘மகாநதி’யில் மருமகன் சிறையிலிருக்கப் பேரப்பிள்ளைகளோடு நாதியற்றுப் போகிற மாமியாரும் விமர்சகர் கண்ணுக்கு ஒன்றாகத் தெரிகிறார்கள் என்றால், கோளாறு நடிகையிடமா இருக்கிறது? விருதுநகர்ச் சீமையில் பிறந்தவர் முன்னதில் அக்கிரகாரப் பேச்சை அலட்டாமல் பேசினார். 2004-இல் ‘விருமாண்டி’யின் அப்பத்தாவாக வந்தபோது மண்ணின் பேச்சுக்குத் திரும்பினார். எழுபதைத் தாண்டிய உடம்போடு!

கதாநாயகி வாதம் இன்னும் வேடிக்கை. அந்த அளவுகோலை நீட்டினால் டி.எஸ். பாலையாவும் எஸ்.வி. ரங்கா ராவும் அரைகுறைகள் ஆகிவிடுவார்களே, அதற்கு ஐயா சம்மதமா? அறுபது வயது நாயகனுக்குக் கல்லூரி மாணவன் சட்டை தைத்து, முப்பத்தைந்து வயதுப் பெண்ணுக்கு நரை பூசி அனுப்புகிற தொழிலின் அநீதியை அந்தப் பெண்ணின் குறையாக எழுதுவதற்கு விமர்சனம் என்று பெயரா?

இதில் உச்சம், நடிப்பது தெரியாமல் நடிப்பதே உயர்ந்த கலை என்று முதல் பத்தியில் உபதேசித்தவர், ஐந்தாம் பத்தியில் லட்சுமி நடித்ததே தெரியவில்லை என்று குற்றம் சாட்டுவது. தன் கட்டுரையைத் தானே படிப்பதில்லை என்ற வைராக்கியம் போலும். காரணம் எளிது: நட்சத்திரங்களைப் பற்றி எழுதச் சுவரொட்டி போதும், குணச்சித்திர நடிகரைப் பற்றி எழுதப் படத்தைப் பார்த்தாக வேண்டும்.

‘விருமாண்டி’யை ஒருமுறை உட்கார்ந்து பார்த்துவிட்டு மறுப்பு எழுதட்டும். பதில் சொல்ல நான் இருக்கிறேன்.