அந்தக் கட்டுரையில் நான் போட்ட சிவப்புக் கோடு

கொஞ்சம் நீளமான பதிவு. பொறுமையாகப் படியுங்கள்.

போன வாரம் நம் குடும்பக் குழுவில் ஒரு வீடியோ வந்தது. இருட்டில் அலை உடைகிற இடமெல்லாம் நீல வெளிச்சம். பேத்தி பார்த்துவிட்டு, "பாட்டி, அவதார் படத்துல வர்ற காடு மாதிரியே இருக்கு. கிராபிக்ஸ்தானே?" என்றாள். "இல்லடி, நம்ம ஊர் கடல்தான். நானே பார்த்திருக்கேன்" என்றேன். அவள் நம்பவில்லை. எனக்குக் கோபமும் வரவில்லை. நானும் ஒரு காலத்தில் ஒரு பிள்ளையை நம்பாதவள்தான்.

1990-களின் தொடக்கம். அடையாறு பக்கம் ஒரு பள்ளியில் ஐந்தாம் வகுப்பு எடுத்துக்கொண்டிருந்தேன். குப்பத்துப் பிள்ளைகள் நிறையப் பேர் படித்தார்கள். 'நான் கண்ட அதிசயம்' என்று கட்டுரை எழுதச் சொன்னேன். பாதிப் பேர் மகாபலிபுரம் எழுதினார்கள். பார்க்காத தாஜ்மகாலையும் சிலர் எழுதினார்கள். ஒரு பையன் மட்டும் வேறு மாதிரி எழுதினான். லீவில் அப்பாவோடு ராத்திரி கட்டுமரத்தில் போனதாகவும், துடுப்புப் போட்ட இடமெல்லாம் தண்ணீர் நீலமாக எரிந்ததாகவும், துடுப்பை எடுத்தால் அணைந்துவிட்டதாகவும் எழுதியிருந்தான்.

நான் குறுக்கே சிவப்புக் கோடு போட்டேன். 'கற்பனை வேண்டாம். கண்டதை எழுது' என்று ஓரத்தில் எழுதி, மறுபடி எழுதிவரச் சொன்னேன். மறுநாள் எல்.ஐ.சி. கட்டடத்தைப் பற்றி எழுதிக் கொண்டுவந்தான். பஸ் ஜன்னல் வழியாகப் பார்த்திருப்பான், அவ்வளவுதான். அதற்கு நல்ல மார்க் போட்டேன். அதற்குப் பிறகு அந்த வருஷம் முழுக்க அவன் கடலைப் பற்றி ஒரு வரிகூட எழுதவில்லை. அதை அப்போது நான் கவனிக்கவும் இல்லை.

2019 ஆகஸ்ட் 18, ஞாயிற்றுக்கிழமை. திருவான்மியூரில் தங்கை வீட்டில் இருந்தேன். ராத்திரி பதினொரு மணிக்கு மேல் தங்கை மகன் செல்போனோடு ஓடிவந்தான். "பெரியம்மா, கடல் நீலமா மின்னுதாம், வாங்க!" கடற்கரையில் அந்நேரத்துக்கே கூட்டம். ஆளாளுக்கு செல்போன் டார்ச் அடித்துக்கொண்டிருந்தார்கள். வெளிச்சம் அடித்தால் அது தெரியவே தெரியாது. கூட்டத்தைத் தாண்டிக் கொஞ்சம் தள்ளிப் போய் நின்றோம். அலை மடிந்து உடையும்போது ஒரு நீலக் கோடு ஓடி அணைந்தது. ஈர மணலில் கால் வைத்தேன், காலைச் சுற்றிப் பொட்டுப் பொட்டாக மின்னியது. பக்கத்தில் நின்ற ஒரு வயதான மீனவர் சிரித்தார். "இத்தப் போயி இன்னாம்மா அதிசயமா பாக்குறீங்க? எங்க அப்பா காலத்துலேயே அப்பப்ப வர்றதுதான்."

அந்த இடத்தில் எனக்கு அந்தப் பையனின் நோட்டு ஞாபகம் வந்தது.

இதற்குக் காரணமான உயிரியின் பெயர் நாக்டிலூக்கா. ஒரே ஒரு செல்தான். பெரும்பாலும் ஒரு மில்லிமீட்டருக்கும் குறைவு. அதற்குள் லூசிஃபெரின், லூசிஃபெரேஸ் என்று இரண்டு பொருள்கள் இருக்கின்றன. அவை ஆக்சிஜனோடு சேரும்போது ஒளி பிறக்கிறது. மின்மினியின் ஒளியும் இதே வகை வேதிவினைதான். நாக்டிலூக்கா சும்மா கிடந்தால் ஒளிராது. அலையோ மீனோ காலோ இடித்தால்தான் ஒளிரும். 'துடுப்புப் போட்ட இடத்தில் எரிந்தது, எடுத்தால் அணைந்தது' என்று அவன் எழுதினானே, அதுதான் இதன் முழு அறிவியலும். பத்து வயதுப் பிள்ளை சரியாகக் கவனித்து எழுதியிருக்கிறான். டீச்சருக்குத்தான் தெரியவில்லை.

அன்றைக்கு மறுநாளே ஊரில் வாக்குவாதம் ஆரம்பித்தது. சிலருக்கு இது இயற்கையின் அழகு, சிலருக்குக் கடல் கெட்டுப்போனதற்கு அடையாளம். என் கருத்தைச் சொல்கிறேன். ஒரு ராத்திரி மின்னியதால் கடல் செத்துவிட்டது என்று பயப்பட வேண்டாம். ஆனால் இது அளவுக்கு மீறிப் பெருகினால் ஆபத்துதான். அதே 2019 செப்டம்பரில் மன்னார் வளைகுடாவில் இதே உயிரி பெருகிக் கடல் பச்சையாகி, மீன்கள் செத்து ஒதுங்கின. தண்ணீரில் ஆக்சிஜன் குறைந்தால் மீனுக்கு மூச்சு ஏது? நாம் ஆற்றில் விடும் கழிவுநீர் கடலில் கலக்கும்போது, நாக்டிலூக்காவுக்கு இரையாகிற நுண்பாசிகள் பெருகும். அடையாறு எங்கே போய்க் கடலில் சேர்கிறது என்று உங்களுக்கே தெரியும்.

அப்படியென்றால் நம் கடற்கரையில் இது முன்பைவிட அதிகமாக வருகிறதா? 2024 அக்டோபரிலும் கிழக்குக் கடற்கரைச் சாலைப் பக்கம் மின்னியது. ஆனால் இரண்டு முறை பார்த்ததை வைத்து எதுவும் சொல்ல முடியாது. ஐம்பது, அறுபது வருஷக் கணக்கு வேண்டும். அந்தக் கணக்கு ராத்திரியில் கடலுக்குப் போகிறவர்களின் ஞாபகத்தில் இருக்கிறது. எந்த மாசத்தில் வந்தது, எந்தக் காற்றடித்தது, அன்றைக்கு வலையில் மீன் பட்டதா இல்லையா என்று அவர்களால் சொல்ல முடியும். அது எழுத்தில் ஏறியிருக்க வேண்டும். எழுதிய ஒரு பிள்ளையை அடித்துத் திருத்தியவள் நான்.

பிள்ளைகள் சொல்வதை எல்லாம் அப்படியே நம்பச் சொல்லவில்லை. "பொய்" என்று சொல்வதற்கு முன்னால் மூன்று கேள்வி கேளுங்கள் என்கிறேன். எங்கே பார்த்தாய்? எப்போது? கூட யார் இருந்தார்கள்? கதை விடுகிற பிள்ளை இதில் மாட்டிக்கொள்ளும். உண்மையைச் சொல்கிற பிள்ளை இன்னும் நாலு விஷயம் சேர்த்துச் சொல்லும். அன்றைக்கு நான் கேட்டிருந்தால் அவன் அப்பாவையே வகுப்புக்குக் கூப்பிட்டிருக்கலாம். மயிலாப்பூரில் பிறந்து வளர்ந்த எனக்குக் கடல் என்றால் சாயங்காலக் காற்றும் சுண்டலும்தான். இருட்டின பிறகு அங்கே என்ன நடக்கிறது என்று அவனுக்குத் தெரிந்தது எனக்குத் தெரியாது. டீச்சர் டிரெயினிங்கில் பாடம் நடத்தச் சொல்லிக்கொடுத்தார்கள். பிள்ளையிடம் பாடம் கேட்க நானாகக் கற்றுக்கொண்டிருக்க வேண்டும்.

அவன் பெயரை இங்கே போடவில்லை. இப்போது நாற்பது வயதைத் தாண்டியிருப்பான். இதைப் படித்தால் அவனுக்கே தெரியும். தம்பி, நீ எழுதியது சரி. நான் போட்ட கோடுதான் தப்பு. என்னை மன்னித்துவிடு.

உங்களில் ஆசிரியர் வேலையில் இருப்பவர்கள் நிறையப் பேர். கடலோரப் பள்ளியில் இருந்தால் இந்த வருஷம் பிள்ளைகளிடம் ஒரு நோட்டுப் போடச் சொல்லுங்கள். வீட்டுப் பெரியவர்களிடம் கேட்டு, கடல் எப்போது மின்னியது என்று தேதியோடு எழுதட்டும். குப்பத்தில் பிறந்து வளர்ந்த என் மாணவர்கள் கீழே எழுதுங்கள், நான் ஒவ்வொன்றையும் படிப்பேன். இந்த முறை சிவப்புப் பேனா கையில் இல்லை.

அன்புடன்,
உங்கள் டீச்சர்