நாயைக் கட்டிப் போடு!

எங்கள் சங்கரன்கோவிலில் வீட்டுக்குள் பாம்போ தேளோ வந்தால், கோமதி அம்மனுக்குத் தகட்டில் அடித்த பாம்பும் தேளும் வாங்கி உண்டியலில் போடுவார்கள். கம்ப்யூட்டருக்குள் விஷம் புகுந்தால்? 2022 ஆடித் தபசு சமயத்தில் நான் தேடி அலைந்த உண்டியல் அதுதான்.

நான் பி.காம். எழுதாத நேரத்தில் விசைத்தறி அண்ணாச்சி ஒருவருக்குக் கணக்குப் பார்க்கிறேன். ஒரு நாள் கம்ப்யூட்டர் மூலையில் 'ஆக்டிவேட் விண்டோஸ்' என்று ஒரு வரி வந்து உட்கார்ந்துகொண்டது. ஒரிஜினலுக்குச் சில ஆயிரம் ஆகும். அண்ணாச்சியிடம் கேட்கக் கூச்சம். "எதுக்குல துட்டு? ஓசியில ஒரு சாமான் இருக்கு" என்றான் சிநேகிதன்.

சூட்சுமம் இதுதான். பெரிய கம்பெனிகளில் ஆபீசுக்குள்ளேயே ஒரு சர்வர், எல்லாக் கம்ப்யூட்டருக்கும் 'ஒரிஜினல்' என்று முத்திரை குத்தும். ஒரு முத்திரை 180 நாள் செல்லும். ஓசிச் சாமான் அந்த சர்வர் மாதிரி வேஷம் கட்டும். போலி ரப்பர் ஸ்டாம்ப்!

அதன் முதல் கட்டளை: 'ஆன்டி வைரஸை நிறுத்து.' நிறுத்தினேன். திருட வந்தவன் "நாயைக் கட்டிப் போடுங்க சார்" என்றதும் கட்டிப் போட்டு, கதவையும் திறந்துவிட்ட புத்திசாலி நான்!

மறுநாள் ஒரு ஃபைலும் திறக்கவில்லை. ஒரு கடிதம் மட்டும் திறந்தது. சாவிக்கு 980 டாலர். 72 மணி நேரத்துக்குள் வந்தால் பாதி விலை, 490. ஆடித் தள்ளுபடி!

'ஸ்டாப்' என்கிற வைரஸாம். ஓசிச் சாமான்களில் தொற்றிக்கொண்டு ஊர் ஊராகப் போவதுதான் அதன் பிழைப்பு. 2019 அக்டோபரில் எம்சிசாஃப்ட் என்ற கம்பெனி இலவச மாற்றுச் சாவி வெளியிட்டது. அது பழைய பூட்டுகளுக்கு. எனக்கு விழுந்தது புதுப் பூட்டு. போலீசுக்குப் போகலாமா? பதிப்புரிமைச் சட்டத்தின் 63பி பிரிவு குறுக்கே நின்றது. திருட்டு சாஃப்ட்வேர் என்று தெரிந்தே பயன்படுத்தினால் 7 நாள் முதல் 3 வருஷம் வரை உள்ளே!

அண்ணாச்சி முன்னால் போய் நின்றேன். அவர் திட்டவில்லை. மார்ச் வரை எழுதிய பழைய பேரேட்டை எடுத்துப் போட்டார்.

"ஏப்ரலுக்கு அப்புறம் தறிக்காரங்க வாங்கின முன்பணம், அண்ணாச்சி?"

"அவங்ககிட்டயே கேட்டு எழுதுங்க, தம்பி."

வீடு வீடாகப் போனேன். துண்டுச் சீட்டைத் தேடி எடுத்துச் சொன்னார்கள். நான் மறந்துபோன ஐந்நூறு ரூபாயைக்கூட ஒரு அக்கா ஞாபகப்படுத்தினார்.

இப்போது லிப்ரே ஆபீஸில் கணக்கு எழுதுகிறேன். அதுவும் ஓசிதான், ஆனால் கொடுத்தவன் மனசாரக் கொடுத்த ஓசி.

அந்தத் தெருவில் ஒருவர்கூடக் கணக்கைக் குறைத்துச் சொல்லவில்லை. பொய் முத்திரை குத்தியவன் நான் ஒருத்தன்தான்.