எழுத்தில் இல்லாத அழைப்பு

எங்கள் கற்பிட்டிப் பக்கம் ஒருவர் மேல் பொலிசில் முறைப்பாடு விழுந்தால் கடதாசி வருவது அபூர்வம். தொலைபேசி அழைப்புத்தான் வரும். "நாளைக்குக் காலையில ஸ்டேஷனுக்கு வாங்க." யார் முறையிட்டது, எதைப் பற்றி என்று கேட்டால், வந்தால் தெரியும் என்பார்கள். நீதிமன்ற மொழிபெயர்ப்பாளராக இருந்து ஓய்வு பெற்றவன் என்பதால், அப்படி அழைக்கப்பட்டவர்கள் என்னிடம் வருகிறார்கள்.

முறைப்பாடு வந்தால் பொலிஸ் விசாரிக்கத்தான் வேண்டும். முறையிட்டவருக்கும் நியாயம் உண்டு. இரு தரப்பையும் கூப்பிட்டு, சொன்னதை எழுதி, வாசித்துக் காட்டி அனுப்பினால் அதைத் தொந்தரவு என்று யாரும் சொல்ல முடியாது.

அண்மையில் ஒரு மீனவரின் மனைவி வந்தார். படகு எஞ்சினுக்கு வாங்கிய கடன் பாக்கி, முதலாளி முறையிட்டிருக்கிறார். கணவர் கடலில் என்பதால் இவரை அழைத்திருக்கிறார்கள். காலையில் போனவரை அஸர் தொழுகை நேரம் வரை வாங்கில் இருத்தி, பெரியவர் இல்லை, நாளைக்கு வா என்று அனுப்பினார்கள். மறுநாளும் அதே கதை. மூன்றாம் நாள் சிங்களத்தில் எழுதிய தாளில் கையொப்பம் வாங்கினார்கள். அதைக் கைபேசியில் படம் பிடித்து வந்து, "நானா, இதுல என்ன எழுதியிருக்கு?" என்று கேட்டார். வாசித்தேன். முறைப்பாட்டைப் பற்றி ஒரு வரியும் இல்லை. மாதா மாதம் எந்தத் திகதியில் எவ்வளவு கட்டுவார் என்பது மட்டும் இருந்தது.

இதை விசாரணை என்று நான் ஏற்கமாட்டேன். கடன் பிணக்குக்கு 1988ஆம் ஆண்டின் 72ஆம் இலக்கச் சட்டப்படி மத்தியஸ்த சபை இருக்கிறது, அதற்கு மேல் சிவில் நீதிமன்றம் இருக்கிறது. பணம் அறவிடுவது பொலிசின் வேலையல்ல.

1979ஆம் ஆண்டின் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவை, விசாரணைக்கு ஒருவரை எழுத்தில் கட்டளையிட்டு அழைக்கும் வழியைப் பொலிசுக்குத் தந்திருக்கிறது. இருந்தும் வாய்ச்சொல்லே வழக்கமாகிவிட்டது. நமசிவாயம் எதிர் குணவர்தன வழக்கின் தீர்ப்பு 1989 சட்ட அறிக்கையில் இருக்கிறது. கைது செய்யவில்லை, வாக்குமூலம் பெறவே அழைத்துப் போனோம் என்று பொலிஸ் தரப்பு சொன்னது. நிலையத்துக்குக் கூட வரும்படி பணித்ததே கைதுதான் என்றது உயர் நீதிமன்றம். காரணம் சொல்லாத கைது அரசியலமைப்பின் 13ஆம் உறுப்புரைக்கு முரண்.

விளங்காத மொழியில் கையொப்பம் வாங்கும் பழக்கம் கடன் தாளோடு நிற்பதுமில்லை. 2020 ஏப்ரலில் சட்டத்தரணி ஹிஜாஸ் ஹிஸ்புல்லா பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் கீழ் கைதானபின், அது தொடர்பில் புத்தளம் கரைத்தீவு மத்ரஸாவில் படித்த சிறுவர்களைக் குற்றப் புலனாய்வுத் திணைக்களம் விசாரித்தது. மிரட்டிச் சொல்ல வைத்தார்கள், விளங்காத தாள்களில் கையொப்பம் வாங்கினார்கள் என்று அவர்கள் சார்பில் அடிப்படை உரிமை மனுக்கள் தாக்கலாயின. அதே சட்டத்தின் கீழ், மதுரங்குளியில் ஆசிரியராக இருந்த கவிஞர் அஹ்னாப் ஜஸீம் 'நவரசம்' கவிதை நூல் தொடர்பில் அதே வருடம் மே மாதம் கைதாகி, ஒன்றரை வருடத்துக்கு மேல் தடுப்பில் இருந்தார். 2023 டிசம்பரில் புத்தளம் மேல் நீதிமன்றம் அவரை விடுதலை செய்தது. அந்தக் காலத்தை அவருக்கு யாரால் திருப்பிக் கொடுக்க முடியும்? பயங்கரவாதத் தடைச் சட்டம் வேறு, எஞ்சின் கடன் வேறு என்பது எனக்குத் தெரியும். ஆனால் தான் சொன்னதாக எழுதப்பட்டதை வாசிக்க முடியாமல் நிற்கும் மனிதரின் நிலை இரண்டிலும் ஒன்றே.

புதுச் சட்டம் எதுவும் வேண்டாம். அழைப்பைத் தமிழில், முறைப்பாட்டு இலக்கத்தோடு எழுதித் தரும்படி இந்தக் கரையோரத்தின் எந்தப் பொறுப்பதிகாரியும் இன்றே உத்தரவிடலாம். தமிழும் அரசகரும மொழிதான். வாக்குமூலம் தமிழில் எழுதப்படவில்லையென்றால் கையொப்பமிட மறுங்கள். 2012ஆம் ஆண்டு விதிகளின்படி உங்கள் சட்டத்தரணி பொலிஸ் நிலையத்தில் உங்களுக்காக ஆஜராகலாம். உரிமை மீறப்பட்டால் உயர் நீதிமன்றம் போக ஒரு மாதமே தவணை. அதற்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறையிட்டால், அங்கே விசாரணை நிலுவையிலுள்ள காலம் அந்தத் தவணையில் சேராது. ஆகவே போன திகதி, இருத்திய நேரம், பேசிய உத்தியோகத்தரின் இலக்கம் எல்லாவற்றையும் அன்றிரவே குறித்து வையுங்கள்.